பகைப்புலமும் பார்வையாளரும்

பகைப்புலத்தில் தனித்துவிடப்பட்ட போர்வீரன் உயிர்தப்பும் திரைப்படங்கள் பெறும் வரவேற்புக்குச் சாகசம் மட்டுமே காரணமன்று. இவற்றிற் போர் ஏன் நடைபெறுகிறது என்ற வினா மறைந்துவிடுகிறது. பசியும் தாகமும் துரத்துவோரின் காலடியோசையுமே எஞ்சுகின்றன. பசித்து ஒளிந்திருக்கும் ஓர் உடலின் பக்கம் நிற்பதற்கு அரசியல் தெளிவு தேவையில்லை.

வேர்ணர் ஹேர்சொக் நெறிப்படுத்திய 'றெஸ்கியூ டோண்' (2006) இதற்குத் தக்க உதாரணமாகும். 1966 இல் லாவோஸில் விமானம் சுட்டுவீழ்த்தப்பட்டுச் சிறைப்பட்ட அமெரிக்கக் கடற்படை விமானி டீற்றர் டெங்லர், முகாமிலிருந்து தப்பிக் காட்டில் அலைந்து மீட்கப்பட்ட உண்மை வரலாறே இதன் கதை. வானிலிருந்து அழிக்க வந்தவன் சிறிது நேரத்திலேயே வேட்டையாடப்படுபவனாகிறான். பார்வையாளரின் பரிவும் அவனோடு தரையிறங்கிவிடுகிறது. கிறிஸ்ரியன் பேலின் மெலிந்த உடல் அப்பரிவை மேலும் இறுக்குகிறது. (நடிப்பிற் குறைகாண இடமேயில்லை, சிக்கலும் அதுவே.) 1964 முதல் 1973 வரை 20 இலட்சம் தொன்னுக்கு மேற்பட்ட அமெரிக்கக் குண்டுகள் வீழ்ந்த அந்நிலம் உண்மையில் யாருக்குப் பகைப்புலம் என்பது கேட்கப்படாமலே போகிறது.

அதே நெறியாளர் அதே மனிதரைப் பற்றி 1997 இல் ஆக்கிய விவரணப்படம் வேறுவகையானது. ஜேர்மனியிற் சிறுவனாயிருந்தபோது, தன் ஊரைத் தாக்கவந்த விமானத்தைக் கண்டே தனக்குப் பறக்கும் ஆசை பிறந்ததென்று டெங்லர் அதிற் கூறுகிறார். கதைப்படம் விமானந்தாங்கிக் கப்பலில் எழும் ஆரவாரத்தோடு நிறைவுறுகிறது. விவரணப்படத்தில், மீட்கப்பட்டு முப்பது ஆண்டுகளின் பின்னரும், அம்மனிதர் தம் வீட்டுத் தரையின் அடியில் அரிசியும் மாவும் தேனும் சேமித்துவைத்திருக்கிறார்.