மலையகத்துக்குத் தேவை இன்னொரு முரளியா, இன்னொரு சுனில் பெர்னாண்டோவா?

முத்தையா முரளிதரன் என்றதும் 800 என்ற எண் நினைவுக்கு வரும். டெஸ்ட் பட்டியலில் அவருக்கு அடுத்து நிற்கும் ஷேன் வோர்ன் 708 விக்கெட்டுகளோடு முடித்துக்கொண்டார். இன்று அதிக விக்கெட் வைத்திருக்கும் எந்தச் சுழல்பந்து வீச்சாளரும் அந்த உயரத்தை எட்டுவார் என்று பந்தயம் கட்ட ஆளில்லை. ஆனால் 2010 ஜூலையில் காலி மைதானத்தில் பிரக்யான் ஓஜாவை ஆட்டமிழக்கச் செய்து டெஸ்ட்டிலிருந்து விடைபெற்றவருக்கு அதன் பிறகு இன்னொரு தொழில் அமைந்தது. பத்தாண்டுக்கு மேலாக அவர் பயிற்றுவிப்பாளர். ஹட்டனிலும் தலவாக்கலையிலும் முரளியின் பந்துவீச்சை மணிக்கணக்கில் பேசுவோம். இந்த இரண்டாவது தொழிலைப் பற்றி அநேகமாகப் பேசுவதே இல்லை. மலையக விளையாட்டுக்கு அதில்தான் பாடம் அதிகம்.

முதலில் தோல்விகளைப் பார்த்துவிடுவோம். 2014 ஒக்டோபரில் பாகிஸ்தானோடு டெஸ்ட் ஆட ஐக்கிய அரபு இராச்சியம் சென்ற அவுஸ்திரேலிய அணி, தன் சுழல்பந்து வீச்சாளர்களுக்கு ஆலோசகராக முரளியை அழைத்துக்கொண்டது. தொடர் 0–2 எனக் கைவிட்டுப் போனது. 2016இல் அதே அவுஸ்திரேலியா இலங்கைக்கு வந்தபோது மீண்டும் முரளி. முதல் டெஸ்ட் நடந்த பல்லேகலை, அவர் பிறந்து வளர்ந்த கண்டியின் மைதானம். முதல் இன்னிங்ஸில் 117 ஓட்டங்களுக்குச் சுருண்ட இலங்கை, குசல் மெண்டிஸின் 176 ஓட்டங்களால் எழுந்து 106 ஓட்டங்களால் வென்றது. தொடர் 3–0. ரங்கன ஹேரத் மட்டும் 28 விக்கெட்டுகள். சொந்த நாட்டுக்கு எதிராக வேலை செய்தார் என்ற ஏச்சுத்தான் முரளிக்கு மிச்சம்.

உலகின் தலைசிறந்த சுழல்பந்து வீச்சாளர் பக்கத்தில் நின்று சொல்லிக்கொடுத்தும் ஏன் பலிக்கவில்லை? அவரிடம் அணிகள் கேட்டது சில வார வேலை. தேயிலைச் செடிக்குக் கவ்வாத்து வெட்டியவர் மறுவாரமே கொழுந்துக்குக் கூடையோடு போவதில்லை. பந்துவீச்சாளரின் கைப்பழக்கத்தை மாற்றுவதும் அப்படித்தான். மாற்றிய கையோடு ஆள் தடுமாறுவார், பழைய வேகமும் போகும், புதிய திருப்பமும் வராது. அந்த இடைக்காலத்தில் கூடவே இருப்பவர்தான் பயிற்றுவிப்பாளர்.

ஹைதராபாத்தில் கிடைத்த காலம்

இதற்கு நேர்மாறான கதை சன்ரைசர்ஸ் ஹைதராபாத். 2015இல் அந்த அணியின் பந்துவீச்சுப் பயிற்றுவிப்பாளராகச் சேர்ந்த முரளி, தலைமைப் பயிற்றுவிப்பாளர்கள் மாறி மாறி வந்தபோதும் வருடக்கணக்கில் தங்கிவிட்டார். 2016இல் சன்ரைசர்ஸ் கிண்ணம் வென்றபோது அதிக விக்கெட் எடுத்தவர் புவனேஸ்வர் குமார், 23. முஸ்தபிசுர் ரஹ்மானுக்கு 17. இருவரும் வேகப்பந்து வீச்சாளர்கள். அப்படியானால் சுழல் மன்னனுக்கு அங்கே என்ன வேலை என்று கேட்கத் தோன்றும்.

முரளியின் கையை யாருக்கும் கற்றுக்கொடுக்க முடியாது. பிறவியிலேயே முழுதாக நீளாத முழங்கை, அசாதாரணமாகச் சுழலும் மணிக்கட்டு, அதற்கு ஈடுகொடுக்கும் தோள் – இவை மூன்றும் இன்னொருவருக்கு அமையாது. அவரது புள்ளிவிவரத்தின் மறுபக்கத்தைப் பாருங்கள். டெஸ்ட்டில் 44,039 பந்துகள். ஓவருக்கு விட்டுக்கொடுத்தது 2.47 ஓட்டங்கள் மட்டும். விக்கெட் விழாத நேரத்திலும் துடுப்பாட்ட வீரரை மூச்சுவிடாமல் வைத்திருக்கும் கணக்கு அது. எந்தத் துடுப்பாட்ட வீரருக்கு எங்கே களத்தடுப்பாளரை நிறுத்துவது, எந்தப் பந்தை அடிக்கவைத்து அடுத்ததில் பிடிப்பது என்பதெல்லாம் முழங்கை சம்பந்தப்பட்டதல்ல. இவற்றைக் கற்பிக்கலாம், வேகப்பந்து வீச்சாளருக்கும் கற்பிக்கலாம்.

இரண்டு உதாரணங்கள். 2018 ஏப்ரலில் மும்பை வாங்கடே மைதானத்தில் சன்ரைசர்ஸ் 118 ஓட்டங்களுக்கு ஆட்டமிழந்தது. மும்பை இந்தியன்ஸ் 87இல் சுருண்டது. 2024 மே 24 அன்று சென்னை சேப்பாக்கத்தில் இரண்டாவது தகுதிச்சுற்று. ராஜஸ்தான் ரோயல்ஸ் 176 எடுக்க வேண்டும். ஷாபாஸ் அகமது 23 ஓட்டங்களுக்கு 3 விக்கெட், துடுப்பாட்டத்துக்காகவே பெயர்பெற்ற அபிஷேக் சர்மா 24க்கு 2. பகுதிநேரப் பந்துவீச்சாளராகக் கருதப்பட்டவரிடம் நான்கு ஓவர்களையும் நம்பிக் கொடுக்க, வலைப்பயிற்சியில் பல மாதங்கள் அவரைப் பார்த்த கண் வேண்டும். பயிற்றுவிப்பாளரின் பெயர் ஸ்கோர் அட்டையில் வராது. அவர் வேலை இந்த மாதிரி ஓவர்களில் தெரியும்.

அதே 2024 பருவத்தில் காயமடைந்த வனிந்து ஹசரங்கவுக்குப் பதிலாக சன்ரைசர்ஸில் இடம்பெற்றவர் யாழ்ப்பாணம் மத்திய கல்லூரியில் படித்த விஜயகாந்த் வியாஸ்காந்த். லக்னோவுக்கு எதிரான முதல் ஆட்டத்தில் நான்கு ஓவர்களில் 27 ஓட்டங்கள், விக்கெட் இல்லை. ஐ.பி.எல். ஆடுகளத்தில் 22 வயது லெக் ஸ்பின்னருக்கு அது கெட்ட கணக்கல்ல. தமிழில் பேசி ஒரு பந்தின் நுணுக்கத்தை விளக்கும் பயிற்றுவிப்பாளர் எல்லைக்கோட்டுக்கு வெளியே அமர்ந்திருந்தார் என்பதையும் சேர்த்துப் பாருங்கள்.

அடிக்கச் சொல்லிக்கொடுத்த சார்லி லாவ்

பயிற்றுவிக்கும் தொழிலை முழுநேர வேலையாக முதலில் வளர்த்தெடுத்த விளையாட்டுகளில் ஒன்று அமெரிக்க பேஸ்போல். அங்கே ஒவ்வொரு அணியிலும் அடிப்பதற்கென்றே தனிப் பயிற்றுவிப்பாளர் உண்டு. பந்து எறிபவருக்கும் அடிப்பவருக்கும் இடையே 18.44 மீற்றர். மணிக்கு 150 கிலோமீற்றர் வேகத்தில் வரும் பந்து அரை விநாடிக்கும் குறைந்த நேரத்தில் வந்து சேரும். பத்தில் மூன்று முறை சரியாக அடித்தாலே அங்கே நட்சத்திரம். அப்படியான வேலையில் மனிதர் நொறுங்காமல் இருக்க, பருவத்தின் 162 ஆட்டங்களிலும் கூடவே ஒருவர் வேண்டும்.

அந்தத் தொழிலின் பெரிய பெயர் சார்லி லாவ். வீரராக அவர் மிகச் சாதாரணம்: மேஜர் லீக்கில் 11 பருவங்கள், அடிக்கும் சராசரி .255. கன்சாஸ் சிட்டி ரோயல்ஸில் பயிற்றுவிப்பாளராக இருந்தபோது, 1974இல் தடுமாறிக்கொண்டிருந்த ஜோர்ஜ் பிரெட் என்ற இளைஞர் உதவி கேட்டு அவரிடம் போனார். உடல் பாரம் பின்காலிலிருந்து முன்காலுக்கு எப்போது நகர வேண்டும், தலை எங்கே நிற்க வேண்டும் என்று லாவ் அடிப்படையிலிருந்து தொடங்கினார். அந்தப் பருவத்தை பிரெட் .282 சராசரியோடு முடித்தார், 1976இல் .333 எடுத்து லீக்கில் முதலிடம், 1980இல் .390. இன்று அவர் பெயர் பேஸ்போலின் புகழ் மண்டபத்தில் இருக்கிறது. பெரிய வீரராக இருந்தால்தான் நல்ல பயிற்றுவிப்பாளர் ஆக முடியும் என்று நினைப்பவர்களுக்கு லாவின் வாழ்க்கையே பதில்.

இந்த பேஸ்போல் அறிவு நம்மூருக்கும் வந்துவிட்டது. ஹம்ப்ஷயருக்கு ஆடிய ஜூலியன் வூட், அமெரிக்கப் பயிற்சி முறைகளைப் பார்த்துத் தனது அதிரடித் துடுப்பாட்டப் பயிற்சியை வகுத்தவர். 2022இல் பஞ்சாப் கிங்ஸ், 2025இல் பங்களாதேஷ், பிறகு இலங்கை அணியின் துடுப்பாட்டப் பயிற்றுவிப்பாளர். இலங்கையரும் இந்தத் தொழிலில் வெளிநாடு போயிருக்கிறார்கள். சுழல்பந்து வீச்சாளராகத் தொடங்கிப் பிறகு துடுப்பாட்டத்தில் நிலைத்த திலான் சமரவீர, ஓய்வுக்குப் பின் பங்களாதேஷ் துடுப்பாட்ட வீரர்களுக்குப் பயிற்சி அளித்தார். இந்திய அணியின் வலைப்பயிற்சியில் இடது கையால் பந்தெறியும் நுவன் செனவிரத்ன, கிரிக்கெட் ஆடி முடித்தபின் பாடசாலைப் பேருந்து ஓட்டிப் பிழைத்தவர். அதே வேலை செய்யும் ரகு, தயா ஆகியோரோடு சேர்த்து அவரையும் விராட் கோலி 2023இல் பகிரங்கமாகப் பாராட்டினார். பயிற்சித் துறையில் உலகத் தரத்தை எட்ட ஆயிரம் ஓட்டங்கள் எடுத்திருக்க வேண்டியதில்லை.

பதினான்கு வயதில் வந்த ஒரு வார்த்தை

இனி முரளியின் தொடக்கத்துக்கு வருவோம். அவருடைய பாட்டனார் பெரியசாமி சின்னசாமி 1920இல் தேயிலைத் தோட்ட வேலைக்கு இங்கே வந்தவர். பிறகு மகள்மாரோடு திருச்சிக்குத் திரும்பினார். மகன்மார் இலங்கையில் தங்கினார்கள். அவர்களில் ஒருவரான முத்தையா கண்டியில் பிஸ்கட் தொழில் நடத்தி நிமிர்ந்தார். அவர் மகன் படித்தது கட்டுகஸ்தோட்டை புனித அந்தோனியார் கல்லூரியில். அங்கே மிதவேகப் பந்து வீசிக்கொண்டிருந்த பையனை 14 வயதில் ஓஃப் ஸ்பின் போடச் சொன்னவர் கல்லூரியின் பயிற்றுவிப்பாளர் சுனில் பெர்னாண்டோ. சொன்னதோடு விடவில்லை, பையன் பாடசாலை முடிக்கும்வரை பயிற்சி கிடைத்தது. கடைசி இரண்டு பருவங்களில் நூற்றுக்கும் மேற்பட்ட விக்கெட்டுகள். 1990/91இல் ஆண்டின் சிறந்த பாடசாலைக் கிரிக்கெட் வீரர் விருது. 1992 ஓகஸ்ட்டில் கெத்தாராமவில் அவுஸ்திரேலியாவுக்கு எதிராக டெஸ்ட் அறிமுகம்.

2017 மே மாதம் நோர்வூட்டில் பேசிய இந்தியப் பிரதமர் மோடி, மலையகம் உலகுக்குத் தந்தவர்கள் என்று எம்.ஜி.ஆரையும் முரளியையும் சொன்னபோது மைதானம் ஆரவாரித்தது. பெருமைப்படுவோம், தவறில்லை. ஆனால் கணக்கு நேர்மையாக இருக்க வேண்டும். முரளியை உருவாக்கியது தோட்டத்துக் கிரிக்கெட் அல்ல. லயத்தை விட்டு நகரத்துக்கு வந்த ஒரு குடும்பமும், பயிற்றுவிப்பாளர் வைத்திருந்த ஒரு கல்லூரியும் சேர்ந்து உருவாக்கியவர் அவர். பொகவந்தலாவையிலோ மஸ்கெலியாவிலோ பிறந்திருந்தால் அதே மணிக்கட்டு டெனிஸ் பந்தோடு நின்றிருக்கும்.

தோட்டத்துப் பையன்கள் ஆடுவது மென்பந்துக் கிரிக்கெட். அந்தப் பந்தில் தையல் இல்லை; விரல் பதித்துச் சுழற்றும் பழக்கம் வராது. ஐந்து ஆறு ஓவர் ஆட்டங்களில் நேரான துடுப்புக்கு வேலையும் இல்லை. எல்லே ஆடுவதுபோல் குறுக்கே வீசுவதுதான் பலன் தரும். இந்தப் பையன்கள் கடினபந்தைத் தொடும்போது பெரும்பாலும் 18 வயது தாண்டியிருக்கும். கையில் பலம் உண்டு, கண்ணில் வேகம் உண்டு. தலையருகே எழும் பந்தை என்ன செய்வதென்று சொல்ல ஆளில்லை. லாவிடம் பிரெட் போனபோது பிரெட்டுக்கு 21 வயது. நம் பையனுக்கு அந்த வயதில் கொழும்பில் கடை வேலை.

மைதானமே இல்லை என்பதும் முழு உண்மையல்ல. ஹட்டனில் டன்பார் இருக்கிறது. நானுஓயா ரதல்லவிலும் டிக்கோயா தரவளையிலும் துரைமார் காலத்து விளையாட்டுக் கழகங்களின் மைதானங்கள் இருக்கின்றன. சரிவான மலையில் சமதரை கிடைப்பது அரிது என்பதால் இவை ஒவ்வொன்றும் பொன். தோட்டத் தொழிலாளியின் நாட்சம்பளம் 1,000 ரூபாவைத் தொட்டதே 2021இல்தான். அந்த வீட்டிலிருந்து கடினபந்துக்கான கால்காப்பு, கையுறை, துடுப்பு என்று எதிர்பார்க்க முடியாது. ஆனாலும் உபகரணம் ஒரு நன்கொடையில் வந்துவிடும். பயிற்றுவிப்பாளர் நன்கொடையில் வருவதில்லை. அவருக்கு மாதச் சம்பளம் வேண்டும், வருடங்கள் வேண்டும்.

ஆகவே திறமை தேடும் முகாம்களைக் கொஞ்சம் நிறுத்திவைத்துப் பயிற்றுவிப்பாளர்களைத் தேடலாம். இலங்கைக் கிரிக்கெட் நிறுவனம் தன் முதல்நிலைப் பயிற்சிநெறியை ஹட்டனிலும் நுவரெலியாவிலும் தமிழில் நடத்த வேண்டும். தோட்டக் கம்பனிகள் வாரநாள் மாலைகளில் கழக மைதானங்களைப் பாடசாலை மாணவருக்குத் திறந்துவிட வேண்டும். மலையக அரசியல் கட்சிகள் தலைவர்கள் பெயரில் கிண்ணம் வைப்பதை விட்டு, ஐந்து பாடசாலைகளில் ஐந்து பயிற்றுவிப்பாளருக்கு ஐந்து வருடச் சம்பளம் என்று ஒதுக்கினால் பலன் நிச்சயம். முரளியிடமும் ஒரு வேண்டுகோள்: போருக்குப் பின் வடக்கில் அவர் பெயரில் நல்லிணக்கக் கிண்ணப் போட்டி நடந்தது, மலையகத்துக்கு அதைவிடப் பயனுள்ளது, பத்துப் பயிற்றுவிப்பாளர்களை அவரே உருவாக்கித் தருவது.

தோட்ட இளைஞர் கழகங்களுக்கு ஒரு வார்த்தை. வரும் தைப்பொங்கல் சுற்றுப்போட்டிக்குக் கிண்ணம் வாங்கச் சேர்க்கும் பணத்தில், கிரிக்கெட் தெரிந்த, பிள்ளைகளோடு பொறுமையாகப் பேசத் தெரிந்த ஓர் இளைஞரையோ யுவதியையோ பயிற்சிநெறிக்கு அனுப்புங்கள். அவர் நல்ல ஆட்டக்காரராக இருக்க வேண்டிய அவசியமில்லை.