ருக்மணிதேவியின் நடிப்புக்கலை

ஒரு கலைஞரின் பணியை அளக்குங்கால், அவர் பயின்ற கலைமுறையின் இலக்கணத்தை முதலில் அறிதல் வேண்டும். சிங்களத் திரையின் முதற் கதாநாயகியாகிய ருக்மணிதேவியை நோக்குவார்க்கு இந்நெறி இன்றியமையாதது.

1923ஆம் ஆண்டு பிறந்த இவரது இயற்பெயர் டெய்சி இராசம்மா டானியல். கொழும்புச் செட்டி மரபினரான இவர், மினர்வா நாடகக் குழுவில் பாடி நடித்துப் புகழ்பெற்றார். அக்குழுவின் நாடகமே 1947இல் 'கடவுனு பொரொந்துவ' என்னும் முதற் சிங்களப் பேசும்படமாயிற்று. அது படமாக்கப்பட்டது மதுரையில். தயாரித்தவர் தமிழரான எஸ். எம். நாயகம். நாடகம் திரைக்கு வந்ததேயன்றித் தன் மேடையியல்பை விட்டிலது. கடையிருக்கையினர்க்கும் கேட்குமாறு உயர்ந்த குரல், உணர்ச்சி முதிருங்கால் பாட்டாக மலரும் பேச்சு ஆகியனவே அதன் இலக்கணம். ருக்மணிதேவிக்கோ பாடுதல் வேறு, நடித்தல் வேறு அன்று. முகம் காட்டத் தயங்கும் துயரையும் அவர் குரல் காட்டிற்று.

1956இல் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸின் 'ரேகாவ' கமராவைக் கிராமத்து வெளிக்குக் கொண்டுசென்றது. சொல்லாது உணர்த்தும் நடிப்பு மதிப்புப் பெற்றது. அப்புதிய கோலால் அளந்து, ருக்மணிதேவியின் நடிப்பை 'மிகை' என ஒதுக்குதல் எளிது. ஆயின், நாட்டுக்கூத்து ஆடும் அரசன் மெல்லப் பேசவில்லை என்று குறைகூறுவார் உளரோ?

1978இல், இசைநிகழ்ச்சியிற் பாடித் திரும்புகையில் வீதி விபத்தில் அவர் மறைந்தார். தமிழும் சிங்களமும் அருகருகே வழங்கும் திருக்கோணமலைத் துறைமுகப் பகுதியில், சிங்களம் அறியாத செவியும் அக்குரலின் துயரை அறியும். அவரை மதிப்பிடத் தக்க அளவுகோல் அதுவேயாம்.