இசையைத் தீட்டிய படச்சுருள்: ‘பிகோன் டல் கெயர்’ பற்றிய ஒரு நோக்கு

கதையும் மாந்தரும் இல்லாத அருவ இயங்குசித்திரம், இசையைக் கண்ணுக்குக் காட்டும் அலங்காரமேயன்றிப் பிறிதில்லை என்பது திறனாய்வாளர் சிலரின் கருத்தாகும். இக்கருத்து எவ்வளவிற்குப் பொருந்தும் என்பதை, கனடாத் தேசியத் திரைப்படச் சபையில் நோமன் மக்லாரனும் ஈவ்லின் லாம்பாட்டும் 1949ஆம் ஆண்டில் ஆக்கிய ‘பிகோன் டல் கெயர்’ என்னும் படத்தைக் கொண்டு ஆராய்தல் தகும்.

ஏறத்தாழ எட்டு நிமிடம் ஓடும் இப்படத்தின் காட்சிகள் கமராவினாற் பிடிக்கப்பட்டவையல்ல. 35 மில்லிமீற்றர் படச்சுருளின் மீதே தீட்டியும் சுரண்டியும் ஆக்கப்பட்டவை. ஒஸ்கார் பீற்றர்சன் குழுவினரின் ஜாஸ் இசை முதலிற் பதிவு செய்யப்பெற்று, படக்கட்டக் கணக்கில் அளக்கப்பட்ட பின்னரே வண்ணம் தீட்டப்பட்டது. இவ்வளவில் ஓவியம் இசைக்கு அடிமை என்றே தோன்றும்.

ஆயின் முதற்பகுதியை ஊன்றி நோக்குதல் வேண்டும். வழமையான இயங்குசித்திரத்தில் ஒவ்வொரு படக்கட்டமும் தனித்து வரையப்படும். ஒரு செக்கன் ஓடுவதற்கு 24 கட்டங்கள் தேவை. இங்கோ கட்ட எல்லைகள் பெரிதும் புறக்கணிக்கப்பட்டு, சுருள் நீண்டதொரு சீலைபோலத் தீட்டப்பட்டுள்ளது. ஈர வண்ணத்திற் படிந்த தூசியும் அழுத்தப்பெற்ற வலைத்துணியின் சுவடும் அதிற் காணப்படுகின்றன. எறிகருவி அச்சீலையைக் கட்டங்கட்டமாகத் துண்டித்துக் காட்டும்போது, தீட்டியவரே முன்னறியாத துடிப்பொன்று பிறக்கிறது. இசையின் அளவு வரையறுக்கப்பட்டது. அவ்வளவினுள் நிகழ்வது கற்பனைக்கும் தற்செயலுக்கும் உரியது. ஜாஸ் கலைஞரின் மனோதர்மமும் இத்தகையதே.

இரண்டாம் பகுதியில் இசை மெதுவாகிறது. வண்ணங்கள் அகன்று, கருமையிற் சுரண்டிய மெல்லிய வெண்கோடுகளே எஞ்சுகின்றன. அவை சுரத்துக்கொரு கோடு என எண்ணி வைக்கப்பட்டவையல்ல; சுரங்களுக்கிடையே உள்ள மௌனத்தையும் ஏற்று அசைகின்றன. நல்ல பக்கவாத்தியக்காரர் பாடகரைப் பின்தொடர்வதோடு அமையாது, அவர் விட்ட இடத்தையும் உணர்ந்து வாசிப்பார். இக்கோடுகளின் பணியும் அத்தகையது. படத்தின் சிறந்த பகுதி இதுவே எனலாம்.

மூன்றாம் பகுதியிற் குறை உண்டு. கண் பிரித்துணருமுன் வடிவங்கள் மறைந்துவிடுகின்றன; இசையின் வேகத்துக்கு ஈடுகொடுப்பதே நோக்கமாகிவிடுகிறது. அலங்காரம் என்னும் குற்றச்சாட்டு ஓரளவேனும் பொருந்துவது இவ்விடத்திலேயே.

எனவே அக்குற்றச்சாட்டை அருவக் கலை முழுவதன்மீதும் சுமத்துதல் நேர்மையாகாது. ஒரே படத்தினுள்ளேயே இசைக்கு விடையளிக்கும் ஓவியமும் அதனைத் துரத்தும் ஓவியமும் உள்ளன. உள்ளடக்கத்தை வினவிப் பழகிய நமது திறனாய்வு, இவ்வேறுபாட்டைக் கண்டுணரும் பயிற்சியையும் பெறுதல் அவசியமாகும்.