270 ரூபாய் வெள்ளி

கொல்கத்தாவின் லேக் மார்க்கெட்டில் வெள்ளிச் சாமான் பார்க்கத் தெரிந்த மாமிகள் இன்னும் சிலர் இருக்கிறார்கள். குத்துவிளக்கோ பன்னீர்ச் சொம்போ கையில் கொடுத்தால், முகப்பில் இருக்கும் பூவேலையில் அவர்கள் மயங்குவதில்லை. கவிழ்த்துப் பிடித்து, பற்றவைத்த இடங்களை விரல் நுனியால் தடவுவார்கள். கைப்பிடி உடலோடு சேரும் இடத்தில் நகம் தட்டினால் போச்சு, பாத்திரம் கடைக்காரர் கைக்கே திரும்பிவிடும். ரக்பிப் பரிசான கல்கத்தா கோப்பையை மதிப்பிடவும் இந்தப் பார்வைதான் சரி.

ரக்பியோடு இந்தப் பேட்டைக்கு ஒட்டும் இல்லை, உறவும் இல்லை. இங்கே பேச்சு கிரிக்கெட், அதை விட்டால் மோகன் பகான், ஈஸ்ட் பெங்கால். ஆனால் இங்கிலாந்தும் ஸ்காட்லாந்தும் ஆண்டுதோறும் முட்டி மோதிக்கொள்வது இந்த ஊர்ப் பெயர் தாங்கிய கோப்பைக்காக. அது இந்த ஊரில் புழங்கிய ரூபாயை உருக்கிச் செய்தது. இந்த ஊர்க் கைவேலை.

1872 கிறிஸ்துமஸ் அன்று கல்கத்தாவில் ஒரு ரக்பி ஆட்டம் நடந்தது. பக்கத்துக்கு 20 பேர். ஒரு பக்கம் இங்கிலாந்துக்காரர்கள், மறுபக்கம் ஸ்காட்லாந்து, அயர்லாந்து, வேல்ஸ் மூன்றும் சேர்ந்து. ஆட்டம் பிடித்துப்போய் ஒரு வாரத்தில் மறுபடியும் ஆடினார்கள். 1873 ஜனவரியில் கல்கத்தா ஃபுட்பால் கிளப் பிறந்தது. அடுத்த ஆண்டே லண்டனிலிருந்த ரக்பி யூனியனில் சேர்ந்தது. ஆயுள் மட்டும் கெட்டியில்லை. வெயில் ஒத்துவரவில்லை, ரக்பியில் ஊறிய ராணுவப் படைப்பிரிவு ஊரை விட்டுப் போனது, போலோவும் டென்னிசும் ஆட்களை இழுத்தன. இலவச மதுவை நிறுத்தியதும் உறுப்பினர்கள் கழன்றுகொண்டார்கள் என்றும் ஒரு கதை உண்டு. எனக்கு அந்தக் காரணத்தில்தான் நம்பிக்கை அதிகம்.

கலைகிற கிளப் வங்கியில் மிச்சமிருந்த பணத்தை என்ன செய்யும்? பங்கு போட்டிருக்கலாம், விருந்து வைத்துத் தீர்த்திருக்கலாம். கிளப்பின் கணக்கு வழக்கைப் பார்த்துவந்த ஜேம்ஸ் ராத்னி 1877 டிசம்பரில் லண்டனுக்குக் கடிதம் எழுதினார்: இந்தப் பணத்தில் இந்திய வேலைப்பாட்டோடு ஒரு கோப்பை செய்து தருகிறோம், ஆண்டுதோறும் அதற்காக ஆடுங்கள். வங்கியிலிருந்து எடுத்த 270 வெள்ளி ரூபாய் மூசைக்குப் போயிற்று.

அன்றைய ரூபாய் ஒரு தோலா எடை, 11.66 கிராம். அதில் 12-ல் 11 பங்கு சுத்த வெள்ளி. 270 ரூபாய் என்றால் மூன்று கிலோவுக்குச் சற்று மேல். சேதாரம் போக மிஞ்சியதுதான் கோப்பை. ஸ்டெர்லிங் வெள்ளி ஆயிரத்துக்கு 925, நம் ரூபாய் 917-க்குச் சற்றுக் குறைவு. அதாவது இங்கிலாந்து தன் அளவுகோலில் ஸ்டெர்லிங் என்று ஒப்புக்கொள்ளாத உலோகத்தைத்தான் அவர்கள் தலைக்குமேல் தூக்கிக் கொண்டாடுகிறார்கள். இதில் எனக்கு ஒரு சின்ன சந்தோஷம்.

இனி வேலைப்பாடு. உயரம் சுமார் 45 சென்டிமீட்டர். உடல் முழுக்க நுண்ணிய செதுக்கு. கைப்பிடிகளாக மூன்று ராஜநாகங்கள். மேலே குவிந்த மூடி, மூடியின் உச்சியில் அம்பாரி கட்டிய யானை. கீழே மரப் பீடம். ஆட்டம் நடந்த தேதிகளும் அணித்தலைவர்கள் பெயர்களும் பொறித்த தகடுகள் அதைச் சுற்றி.

இந்த மூன்று என்ற எண்ணிக்கையில்தான் செய்தவரின் கை தெரிகிறது. பரிசுக் கோப்பைக்கு வழக்கமாகக் காது இரண்டு. அதனாலேயே அதற்கு முன்பக்கம், பின்பக்கம் என்று ஆகிவிடும். மேடையில் வைத்தால் ஒரு கோணத்தில்தான் அழகு. மூன்று கைப்பிடி வைத்தால் முன்பக்கம் என்பதே கிடையாது. சுற்றி வந்து பார்க்கப் பார்க்க வடிவம் மாறிக்கொண்டே இருக்கும். தூக்குகிற அணித்தலைவருக்கு இரண்டு கைதான். மூன்றாவது நாகம் யார் பிடியிலும் சிக்காது.

பாம்பைக் கைப்பிடியாக்குவது பார்க்கச் சுலபம், பட்டறையில் கஷ்டம். வளைவு அதிகமானால் அலங்காரம் ஆகிவிடும், குறைந்தால் வெறும் கம்பி. உடலை விட்டு விலகி மறுபடி வந்து சேரும் அந்த இரண்டு இடங்களும் கோப்பையின் பாரம் முழுவதையும் தாங்க வேண்டும். பொடி வைத்து ஊதும்போது சூடு ஒரு மாத்திரை கூடினால் பக்கத்துச் செதுக்கு உருகி மழுங்கும். இந்தச் சங்கடங்களின் சுவடே இல்லாமல், நாகங்கள் அந்த உடலிலேயே குடியிருப்பவை போல இருப்பதுதான் சாமர்த்தியம்.

யானையை நான் அவ்வளவு மெச்சமாட்டேன். வைஸ்ராயின் யானைகளைப் பார்த்துச் செய்தது என்பார்கள். 1876 டிசம்பரில் லிட்டன் பிரபு தர்பாருக்காக டெல்லிக்குள் யானைமேல்தான் நுழைந்தார். அந்த வாடை இதில் அடிக்கிறது. நாகம் வேலை செய்கிறது, யானை சும்மா நிற்கிறது. மூடியைத் தூக்க ஒரு குமிழ் வேண்டும், அதற்கு யானை அதிகம்.

லேக் மார்க்கெட்டிலிருந்து வடக்கே கொஞ்சம் நடந்தால் பவானிப்பூர் வந்துவிடும். 19-ஆம் நூற்றாண்டின் கடைசியில் அங்கே வெள்ளிப் பட்டறைகள் பேர்போனவை. தாஸ் அண்ட் தத் போன்ற கடைகளின் சரக்கைச் சேகரிப்பாளர்கள் இன்றும் தேடி வாங்குகிறார்கள். தென்னை, குடிசை, மாட்டுவண்டி என்று வங்கக் கிராமத்தையே தட்டி எழுப்பிய புடைப்பு வேலை அது. அதே காலத்தில் மதராஸில் பி. ஆர் அண்ட் சன்ஸ் சாமி உருவங்களை டீ பாத்திரத்தில் நிரப்பிச் 'சுவாமி வெள்ளி' விற்றது. இரண்டிலும் குறை ஒன்றே: இடம் விடத் தெரியாது. கல்கத்தா கோப்பை செதுக்கை அடக்கி, நாகங்களுக்கு வெளியைக் கொடுத்திருக்கிறது. அதனால் என் கணக்கில் அது ஒரு படி மேல்.

லண்டன் கோப்பையை வாங்கிக்கொண்டது, யோசனையைத் திருப்பி அனுப்பியது. கல்கத்தாக்காரர்கள் மனத்தில் இருந்தது 1871-72-ல் தொடங்கிய எஃப்.ஏ. கோப்பை மாதிரி, கிளப்புகள் மோதித் தோற்றவர் வெளியேறும் நாக் அவுட் போட்டி. ரக்பி யூனியன் பெரியவர்களுக்கு அது கசந்தது. பரிசு வந்தால் போட்டி முற்றும், போட்டி முற்றினால் காசு நுழையும், கனவான்கள் ஆட்டம் கெட்டுப்போகும் என்று பயந்தார்கள். இங்கிலாந்து-ஸ்காட்லாந்து ஆட்டத்துக்கு அதை ஒதுக்கிவிட்டார்கள். 1879 மார்ச்சில் எடின்பரோவில் நடந்த முதல் ஆட்டம் சமனில் முடிந்தது.

பயம் வீண் என்று சொல்லவும் முடியாது. ராத்னி கடிதம் எழுதிய அதே 1877-78 பருவத்தில் யார்க்‌ஷயர் மாவட்டம் தன் கிளப்புகளுக்கு நாக் அவுட் கோப்பையைத் தொடங்கியது. முதல் வெற்றி ஹாலிஃபாக்ஸுக்கு. ஜனங்கள் அதற்குப் 'பழைய தகரப் பானை' என்று செல்லப்பெயர் வைத்துக் கூட்டம் கூட்டமாக வந்தார்கள். டிக்கெட் காசு குவிந்தது. ஆட்டத்துக்காக வேலையை விட்டு வரும் சுரங்கத் தொழிலாளிக்கும் ஆலைத் தொழிலாளிக்கும் அன்றைய கூலியைக் கொடுப்பதா என்ற கேள்வி வெடித்து, 1895 ஆகஸ்ட் 29 அன்று ஹடர்ஸ்ஃபீல்டின் ஜார்ஜ் ஓட்டலில் வடக்கத்திய கிளப்புகள் தனியே பிரிந்தன. கூலி கேட்டவன் மேல் என்ன தப்பு என்பது என் கட்சி. இங்கிலாந்து முழுமைக்குமான கிளப் நாக் அவுட் 1971-72-ல்தான் வந்தது. முதல் கோப்பை குளோஸ்டருக்கு.

கனவான்கள் லட்சணத்தை 1988-ல் பார்த்தோம். எடின்பரோ ஆட்டம் முடிந்த இரவு இங்கிலாந்தின் டீன் ரிச்சர்ட்ஸும் ஸ்காட்லாந்தின் ஜான் ஜெஃப்ரியும் கோப்பையைத் தெருவுக்குக் கொண்டுபோய்ப் பந்தாடினார்கள். நசுங்கிப்போயிற்று. ஒருவருக்கு ஓர் ஆட்டத் தடை, மற்றவருக்கு மாதக்கணக்கில். பழுது பார்த்தும் கோப்பை தளர்ந்துவிட்டது. அதைப் பெரும்பாலும் டுவிக்கன்ஹாம் ரக்பி அருங்காட்சியகத்தில் வைத்துப் பேணுகிறார்கள்.

லண்டன் மறுத்ததைக் கல்கத்தா தானே செய்துகொண்டது. 1884-ல் இங்கே ரக்பி திரும்பவும் தலையெடுத்தது, 1890-ல் உள்ளூர்க் கிளப்புகளுக்கிடையே ஒரு சவால் கோப்பையும் வந்தது. பழைய கிளப்பின் வழிவந்த கிரிக்கெட்-ஃபுட்பால் கிளப்பான சி.சி.எஃப்.சி. பாலிகஞ்ச் குருசதய் சாலையில் இருக்கிறது, நம் பேட்டையிலிருந்து சிறிது தூரம்தான். இந்த ஊரில் இன்று ரக்பி ஆடுபவர்களில் துரைகள் இல்லை. 2004-ல் கொல்கத்தா மைதான் திடலில் தொடங்கிய ஜங்கிள் க்ரோஸ் அணியில் வசதியில்லாத வீட்டுப் பிள்ளைகள் ஆடினார்கள்; அதே முயற்சி வடவங்கத்துச் சரஸ்வதிபூர் தேயிலைத் தோட்டத்துப் பெண்களையும் களத்தில் இறக்கியது.

லண்டனுக்கு ஒரு விண்ணப்பம். மூலக் கோப்பையை ஒரு குளிர்காலம் மட்டும் கொல்கத்தாவுக்கு இரவல் கொடுங்கள். இந்தியன் மியூசியத்தில் ஒரு கண்ணாடிப் பெட்டி போதும்; சுற்றி வந்து பார்க்க நாலு பக்கமும் இடம் விட்டால் சரி. பழுதான பொருள், பயணம் ஆகாது என்று சொல்வீர்களானால், அதைப் பழுதாக்கியவர்கள் நாங்கள் இல்லை.