பன்னிரண்டு ஆண்டுக்கொரு முகம்

மகாபாரதத்தில் மயன் கட்டிய மண்டபத்தில் தரை நீராகத் தெரியும், நீர் தரையாகத் தெரியும். பார்ப்பவர் கண்ணெதிரே உருமாறும் கட்டடம் என்பது நமக்குப் பழகிய கற்பனைதான். மலேசியாவின் பேராக் மாநிலத்தில், சுங்கை சிப்புட் வட்டாரத்துத் தோட்டக் கோயில்களில் அது மெதுவாக நடந்தேறுகிறது. பாலாலயம் செய்து சாரம் கட்டுவார்கள்; சாரம் பிரித்ததும் வேறொரு கோயில் நிற்கும். உள்ளே அதே அம்மன், வெளியே புது முகம். குடமுழுக்குதோறும் நடக்கும் இந்த உருமாற்றத்தில் கொள்ளத்தக்கது எது, தள்ளத்தக்கது எது?

முதலில் கணக்கைப் பார்ப்போம். பன்னிரண்டு ஆண்டு என்பது அஷ்டபந்தன மருந்தை ஒட்டி வந்த கெடு. கொம்பரக்கு, குங்கிலியம், சுக்கான்கல், காவிக்கல், மெழுகு, எருமை வெண்ணெய் முதலான எட்டுப் பொருளை இடித்துச் சேர்த்து, மூலவரைப் பீடத்தோடு பிணைக்கிறார்கள். அந்தப் பிடிப்பு தளரும் காலத்தில் மருந்தை மாற்றி, கோயிலின் பழுதையும் நீக்கிச் செய்யும் குடமுழுக்குக்குப் புனராவர்த்தம் என்று பெயர். ஆக, கெடு வைக்கப்பட்டது சிலையின் காலடிக்கு; கோபுரத்தின் வண்ணத்துக்கு அல்ல. இன்றைக்கு மருந்து சாத்துவது ஒரு நாள் சடங்காக முடிந்துவிட, பணமும் பேச்சும் கோபுரத்தின் பக்கமே போகின்றன.

இருந்தாலும் கெடு என்று ஒன்று இருப்பதே பெரிய பலம். பேராக் மழையில் எந்தச் சுவரும் சும்மா நிற்காது. கவனிப்பாரற்ற பழைய கடைவீடுகளின் நெற்றியில் ஆலஞ்செடி வேர்விட்டுச் சுவரைப் பிளப்பதை ஈப்போவில் காணலாம். கோயிலுக்கு அந்தக் கதி நேராமல் காப்பது குடமுழுக்குதான். யாரும் கேட்காமலே ஊர் கூடுகிறது, பணம் சேர்கிறது, விரிசல் அடைபடுகிறது. தமிழ்நாட்டிலிருந்து வரும் ஸ்தபதிகளுக்கும் சுதை வேலைக்காரர்களுக்கும் தொழில் நடக்கிறது.

அதைவிட முக்கியமான நியாயம் ஒன்று உண்டு. தொழிலாளர் குடியிருக்கும் லயத்து வீடு தோட்ட நிர்வாகத்தின் சொத்து. நிலமும் பால்மரமும் அப்படியே. பால்மரத்தை வெட்டிச் செம்பனை நடும்போது தொழிலாளியை யாரும் கேட்கவில்லை. தன் வீட்டுச் சுவருக்கு என்ன நிறம் என்பதைக்கூட முடிவுசெய்ய முடியாத மக்கள், தாங்களே பேசித் தீர்மானித்துக் கட்டி எழுப்பியது கோயில் ஒன்றைத்தான். தகரக் கூரை போய்க் கோபுரம் வந்ததில் அவர்களுடைய தன்மானமும் இருக்கிறது. பழைய எளிமையே அழகு என்று வெளியிலிருந்து சொல்வது எளிது.

குறை தொடங்குவது பொருளில். பழைய சுதை சுண்ணாம்புக் காரையால் ஆனது; ஈரத்தை வாங்கி வெளியே விடும். இப்போது இரும்புக் கம்பி, செங்கல், சிமெண்ட், மேலே பளபளக்கும் எனாமல். விரிசல் வழியே புகுந்த நீர் வெளியேற வழியின்றித் தங்கிக் கம்பியைத் துருப்பிடிக்க வைக்கிறது. துரு பருத்து உள்ளிருந்தே சிமெண்டை உடைக்கிறது. துவாரபாலகரின் விரல் உடைந்த இடத்தில் உற்றுப் பார்த்தால் ஊதாவின் கீழே மஞ்சள், மஞ்சளின் கீழே பச்சை, நடுவில் பழுப்பேறிய கம்பி நுனி தெரியும். பழுதை மறைக்கப் பூசிய வண்ணமே அடுத்த பழுதை வளர்க்கிறது.

இரண்டாவது குறை, எல்லாம் ஒரே அச்சாகிப் போவது. மரத்தடியில் சூலமும் கல்லுமாக நின்ற முனியாண்டிக்கும் மதுரை வீரனுக்கும் இன்று ஒரே மாதிரி விமானம். தோட்டத்துக்குத் தோட்டம் மாறுபட்ட வழிபாட்டு முகம் தேய்கிறது.

மூன்றாவது, பதிவின்மை. 1948 ஜூன் 16 அன்று சுங்கை சிப்புட்டின் எல்பில் தோட்டத்தில் ஆங்கிலேய மேலாளர் சுடப்பட்டது வரலாற்று நூல்களில் இருக்கிறது. அந்தக் காலத்தில் இவ்வட்டாரத் தோட்டத் தமிழர் கும்பிட்ட கோயில்கள் எப்படி இருந்தன என்று தேடினால், ஒவ்வொரு திருப்பணியும் முந்தைய பக்கத்தைக் கிழித்துவிட்டுத்தான் எழுதியிருக்கிறது.

பத்துமலை இதற்குப் பெரிய சான்று. 2018 குடமுழுக்கை ஒட்டி 272 படிகளுக்கும் பல வண்ணம் தீட்டினார்கள். உலகமே படமெடுக்க வந்தது. கூடவே, 2005ஆம் ஆண்டின் தேசிய மரபுடைமைச் சட்டப்படி அனுமதி பெறவில்லை என்ற சர்ச்சையும் எழுந்தது. வண்ணம் நல்லதா கெட்டதா, அனுமதி உண்டா இல்லையா என்பதிலேயே வாதம் நின்றது. மாற்றும் முன் எதைப் பதிந்து வைப்பது என்ற கேள்விக்குப் போகவில்லை.

திருவரங்கம் வேறு வழி காட்டியது. அங்கே இடைக்காலத்தில் ஒட்டிக்கொண்ட சேர்க்கைகளை நீக்கி, மரபு முறையில் திருப்பணி செய்தார்கள்; 2017இல் யுனெஸ்கோவின் ஆசிய பசிபிக் விருது கிடைத்தது. பன்னிரண்டு ஆண்டுக் கெடுவும் பழைய முகமும் சேர்ந்தே வாழ முடியும்.

சிறிய தோட்டக் கோயிலுக்குத் திருவரங்கத்தின் வசதி கிடையாது. ஆனால் பாலாலயத்துக்கு முன் நாற்புறமும் படமெடுத்து, அளவெடுத்து வைக்க ஒரு நாள் போதும். எதை இடிப்பது, எதை வைப்பது என்று ஆண்டுக்கூட்டத்தில் கேட்கலாம். பழைய சூலமும் கல்லும் இருந்த இடத்திலேயே இருக்கட்டும். சுண்ணாம்பு வேலைமீது எனாமல் ஏறாமல் பார்த்துக்கொள்ளலாம். முகம் மாறுவதில் தவறில்லை. தேய்ந்ததைச் சீர்செய்ய வந்த குடமுழுக்கு, தேயாததையும் இடிக்கும் உரிமையாக மாறியதுதான் தவறு. நன்கொடைச் சீட்டு அச்சடிப்பதற்கு முன்பே ஆலய நிர்வாகம் இந்த எல்லையை எழுதி ஒட்டிவிட வேண்டும்.