திறந்த கதவும் சாத்திய கதவும்

டொனால்ட் ஆலன் 1960இல் வெளியிட்ட ‘புதிய அமெரிக்கக் கவிதை’ என்னும் தொகை நூலை மீண்டும் படித்தோம். கல்விக்கூடங்கள் போற்றிய யாப்பொழுங்கினின்றும் விலகிய 44 கவிஞர்கள் இதில் உளர். நூலின் இறுதியில் அவர்கள் தத்தம் கவிதைக் கொள்கையை உரைக்கும் பகுதியே நமக்குப் பெருவிருந்து. அடியின் நீளத்தை வகுப்பது சீர்க்கணக்கன்று, கவிஞனின் மூச்சே என்பது சார்லஸ் ஓல்சனின் வாதம். வாய்விட்டுப் படித்தாலன்றி இது விளங்காது. நாமும் அவ்வாறே படித்தோம்.

ஆயினும் ஒன்று உறுத்துகிறது. பெண்கள் நால்வரே, கறுப்பினத்தவரோ லீராய் ஜோன்ஸ் ஒருவர் மட்டுமே. 1950இலேயே புலிட்சர் பரிசு பெற்ற குவென்டலின் புரூக்ஸுக்கு இடமில்லை. பழைய வேலியைப் பிடுங்கியவர்கள் புதிய வேலி நட்டதை எங்ஙனம் பாராட்டுவோம்? அந்த ஜோன்ஸே பின்னர் அமீரி பரக்கா எனப் பெயர் பூண்டார். லாரி நீலுடன் இணைந்து, கறுப்பர் எழுத்துக்கென்றே 1968இல் தனித்தொகை ஒன்றைக் கொணர்ந்தார்.