சிசரோவின் நீண்ட வாக்கியம்

ரோமானியப் பேச்சாளர் சிசரோவின் உரைகளை லத்தீன் மூலத்தில் படிப்பவருக்குக் கிடைக்கும் பெரிய இன்பம் அவருடைய நீண்ட வாக்கியங்கள்தான். கி.மு. 62இல் கவிஞர் ஆர்க்கியாஸின் குடியுரிமைக்காக அவர் வாதாடிய உரை முதல் வரியிலேயே அதைத் தந்துவிடுகிறது. தம்மிடம் ஏதேனும் திறமை இருந்தால், பேச்சுப் பயிற்சி இருந்தால், கல்வி தந்த அறிவு இருந்தால் என்று மூன்று படிகளாக ஏறுகிறது அந்த வாக்கியம். ஒவ்வொரு படியும் முந்தியதைவிட நீளம். ஆர்க்கியாஸின் பெயர் கடைக்கோடியில்தான் வருகிறது. அதற்கும் பின்னால், எல்லாவற்றையும் முடித்துவைக்கும் வினைமுற்று. வினைக்காகக் காத்திருப்பது தமிழ் வாசகருக்குப் பழகியதே. பெயரை விட்டுத் தள்ளி நிற்கும் அடைமொழியை விகுதியின் துணையால் இனம்கண்டு சேர்ப்பதற்குத்தான் பொறுமை வேண்டும். முதல் வாசிப்பில் சிதறிக் கிடந்த சொற்கள் மூன்றாம் வாசிப்பில் தாமாகவே அணிவகுத்து நிற்கும்.

பொருள் பிடிபட்ட பிறகு வாய்விட்டுப் படிக்க வேண்டும். கண்ணால் மட்டும் படித்தால் பாதி போய்விடும். சிசரோ வாக்கியத்தின் முடிவை ஓசையால் செதுக்குபவர். உரைநடையின் சந்தத்தைப் பற்றி கி.மு. 46இல் 'ஓராட்டர்' நூலில் விரிவாகவே எழுதினார். ஆர்க்கியாஸ் உரையின் முதல் வாக்கியத்தின் முடிவு நெடிது, குறிது, நெடிது என்று நடந்து கடைசி அசையில் நிற்கிறது. செய்யுளாகிவிடாமல், செய்யுளின் விளிம்புவரை சென்று நின்றுகொள்ளும் கட்டுப்பாடு அது. மேடைப் பேச்சாளர் மூச்சை எங்கே நிறுத்தினார், எங்கே இழுத்தார் என்பதெல்லாம் படிப்பவரின் தொண்டைக்கே தெரியவரும்.